வெள்ளை மானின் பழுப்புக் காது

1

முதலிலேயே உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை ஒரு மானிலிருந்து பிறக்கவில்லை. ஓர் உவமையிலிருந்து பிறந்தது. சமத்துவம் பற்றி ஒரு கூட்டத்தில் பேச ஒப்புக்கொண்டிருந்தேன். பேச்சு ஆயத்தமாகிவிட்டது, முடிவு மட்டும் அமையவில்லை. கைதட்டல் எழவேண்டிய இடத்தில் ஓர் உருவம் தேவைப்பட்டது. “பழுப்புக் கூட்டத்தின் நடுவே ஒரு வெள்ளை மான் நிற்கிறது” என்று எழுதினேன். அவையோரை நிமிர்ந்து உட்காரச் செய்யும் வரி என்று மகிழ்ந்தேன். அடுத்த வரிக்குப் பேனாவைத் தூக்கியபோது ஒரு கேள்வி குறுக்கே வந்து நின்றது: அந்த மானுக்குப் பால் கொடுப்பது யார்?

உவமைக்குப் பசிக்காது. மானுக்குப் பசிக்கும். பசிக்கிற மானுக்குத் தீனி வைக்க ஓர் ஆள் வேண்டும். ஆள் வந்தால் அவருக்கு ஒரு வீடு, வீட்டில் ஒரு மனைவி, ஒரு மகள்—

மகளைக் கண்டதும் பேனாவை மூடிவிட்டேன். கூட்டத்துக்கும் போகவில்லை. காய்ச்சல் என்று சொல்லி அனுப்பினேன். அது காய்ச்சல் அன்று, வெட்கம். எதற்கு வெட்கம் என்பதே இந்தக் கதை.

2

எழுதிக் கைவிட்ட தொடக்கங்களை மறைக்காமல் அப்படியே வைக்கிறேன்.

[பனித்துளிகள் புல்நுனியில் முத்தாய் மின்னிய விடியலில், வெண்ணிலவே மண்ணில் இறங்கி வந்ததோ என—]

நிலவு எங்கும் இறங்கவில்லை. மழைநீர் தேங்கிய ஒரு புதருக்குப் பின்னால், ஈக்களுக்கு நடுவே, ஒரு பெண்மான் குட்டி போட்டது. அவ்வளவே.

[உலகெங்கும் மாந்தர் வெள்ளை மானை நற்குறியாகவும் தீக்குறியாகவும்—]

இது கட்டுரை. இதற்கு வேறு இடம் இருக்கிறது.

[மான்காப்பாளர் ஒருவர் இருந்தார். அவர் தனிக்கட்டை.]

இந்த வரிதான் நெடுநாள் நின்றது. இதை வைத்துப் பாதிக் கதையும் எழுதி முடித்தேன். வரி சிறியது, பொய் பெரியது. அவர் தனிக்கட்டை அல்லர். மகளை வெளியே தள்ளிக் கதவைச் சாத்திவிட்டு எழுதிய வரி அது. அவள் உள்ளே இருந்தால் மான் என் சொற்படி உவமையாக நிற்காது என்பது எனக்குத் தெரிந்திருந்தது.

கதவைத் திறக்கிறேன்.

3

நகரின் ஓரத்தில் ஒரு விலங்குப் பூங்கா. அங்கே மான்கொட்டில் காப்பாளரின் பொறுப்பு. தழை வெட்டிப்போடுவது, தொட்டி கழுவுவது, குளம்பில் புண் கண்டால் மருத்துவருக்குச் சொல்லியனுப்புவது, இவை அவர் வேலைகள். பேச்சு குறைவு. மேலாளரிடம் அவர் இதுவரை பேசியதில் மிக நீளமான வாக்கியம் “குழாயில தண்ணி வரல சார்” என்பதே.

மகள் அதே பூங்காவில் அறிவிப்பாளர். சிவப்புச் சட்டை அணிந்த குழந்தையொன்று அழுதுகொண்டிருக்கிறது, பெற்றோர் உடனே வரவும். கரடிக்கு ரொட்டி போடாதீர்கள், அதற்கு உங்களைவிட நல்ல சாப்பாடு கிடைக்கிறது. மூடும் நேரம் நெருங்குகிறது, குழந்தைகளை எண்ணிக்கொள்ளுங்கள். இப்படி அவள் சொன்னால் மக்கள் சிரித்துக்கொண்டே கீழ்ப்படிவார்கள். குரலை எல்லோரும் அறிவார்கள்; முகத்தைச் சிலரே அறிவார்கள். உடன் வேலை செய்பவர்கள் அவளை ‘மைக்கு’ என்று அழைத்தார்கள். அப்பாவுக்கு மட்டும் ‘பாப்பா’.

மைக்கு நிறமி இல்லாமல் பிறந்தவள். தோலும் முடியும் இமையும் வெள்ளை. கண்மணிகள் ஓரிடத்தில் நிலைகொள்ளாமல் இடமும் வலமுமாக அசைந்துகொண்டே இருக்கும். படிக்கவேண்டிய தாளை மூக்கின் நுனிக்குக் கொண்டுபோய்ப் படிப்பாள். வெயிலில் குடை, முழுக்கைச் சட்டை, கறுப்புக் கண்ணாடி.

இவற்றோடு இன்னொன்றும் உண்டு. பூங்காவின் விடுமுறை நாள் மதியத்தில், வெள்ளை வேர்கள் எட்டிப்பார்க்கும் போதெல்லாம், காப்பாளர் மகளைச் சமையலறை வாசலில் உட்காரவைப்பார். தோளைச் சுற்றிப் பழைய துண்டு. நெற்றியோரம் கறை பிடிக்காதிருக்க வழவழப்பான களிம்பு. உடைந்த கைப்பிடியுள்ள ஒரு கிண்ணத்தில் சாயத்தைக் கரைத்து, பல்துலக்கும் பிரஷ்ஷால் வகிடு வகிடாகப் பூசுவார். புருவத்துக்குத் தீக்குச்சி முனையில் பஞ்சு. மானின் குளம்புக்கு மருந்து வைக்கும் அதே நிதானம்.

“அசையாதே பாப்பா.”

“நான் அசையலப்பா. கண்ணுதான் அசையுது. அதுக்கும் ஒரு சாயம் விக்கறாங்களான்னு கேட்டுப் பாருங்க.”

“வாயைக் குறை.”

“வாய்க்குத்தானே சம்பளம் தர்றாங்க!”

ஆஸ்பத்திரியில் துணி வெளுக்கும் வேலை பார்க்கும் அவள் அம்மா, அந்தக் கிண்ணத்தைப் பார்க்கும்போதெல்லாம் சொல்வாள்: “என்ன, சுவருக்கு வர்ணம் அடிக்கறீங்களா? புள்ளையை விடுங்களேன்.” அவர் விடமாட்டார்.

சாயம் வாங்கும் கடையில் ஓர் அலமாரி நிறைய வெளுப்பதற்கான பூச்சுகள். எதிர் அலமாரி நிறைய கறுப்பதற்கான சாயங்கள். இரண்டுக்கும் நடுவே தலைகுனிந்து நிற்பார் காப்பாளர், தனக்கே வாங்குகிறவர் போல.

சிறுமியாக இருந்தபோது அவள் ஒருமுறை கேட்டாள்: “ஏன்பா இது?”

“வெயில் படாம இருக்க.”

குடை வெயிலைத் தடுக்கும், சட்டை தடுக்கும், முடிச்சாயம் எதைத் தடுக்கும்? வளர்ந்தபின் அவளுக்கு அது தெரிந்துபோயிற்று. தெரிந்துபோயிற்று என்பது அவருக்கும் தெரிந்துபோயிற்று. ஆனாலும் அவள் மறுபடி கேட்கவில்லை. அவரும் விடையை மாற்றிச் சொல்லவில்லை. மூடிவைத்த பாத்திரம் போல அந்தக் கேள்வி அந்த வீட்டில் இருந்தது. அதன் மூடியை யார் எடுப்பார் என்பது மட்டுமே இந்தக் கதையின் வேலை. மான் அதற்காகத்தான் பிறந்தது.

(பார்த்தீர்களா? மறுபடியும் ஓர் உயிரை ஏவலாளாக்கிவிட்டேன். திருத்துகிறேன்: மான் எதற்காகவும் பிறக்கவில்லை. பிறந்தது.)

4

விடுமுறைக்கு முந்தைய மாலையில் அது பிறந்தது. யாரும் பார்க்கவில்லை. மான்குட்டிகள் முதல் நாள்களில் புதரில் பதுங்கிக் கிடப்பது வழக்கம். தாய் வந்து பால் கொடுத்துவிட்டுப் போகும். மறுநாள் காலை தழை போடச் சென்ற காப்பாளர் புதரை விலக்கினார்.

வெள்ளை.

குட்டி தலையைத் தூக்கி அவரைப் பார்த்தது. பார்த்தது என்று சொல்லமுடியாது, பார்க்க முயன்றது. இளஞ்சிவப்புக் கண்மணிகள் இடமும் வலமுமாக அசைந்தன. அந்த அசைவை அவர் அறிவார். மகப்பேற்று மருத்துவமனையின் ஒரு கட்டிலருகே முதன்முதலாகக் கண்ட அசைவு. அன்று நெஞ்சுக்குள் எது சுருங்கியதோ, அது இன்றும் அதே இடத்தில் சுருங்கியது.

முன்பொருமுறை அந்தப் பூங்காவுக்கு ஒரு வெள்ளைக் காகம் வந்துசேர்ந்தது. வாசலில் கூண்டு வைத்தார்கள். தேர்வில் தேறுவேனா, வேலை கிடைக்குமா என்று கம்பியைத் தட்டித் தட்டிக் கேட்டார்கள் மக்கள். காகத்துக்குப் பதில் தெரியவில்லை. ஒரு காலையில் அது செத்துக் கிடந்தது. கூண்டைக் கழுவியவர் காப்பாளர்.

மதியம் வீட்டில் மகளுக்குச் சாயம் பூசினார். கிண்ணத்தில் மிச்சம் இருந்தது. வழக்கமாகக் கழுவி ஊற்றிவிடுவார். அன்று ஒரு மூடியிட்ட டப்பாவில் அதை ஊற்றிப் பையில் வைத்துக்கொண்டு பூங்காவுக்குத் திரும்பினார். ஆளில்லாப் பூங்காவில் பிரஷ்ஷை எடுத்து, குட்டியின் முதுகிலிருந்து தொடங்கினார். கூந்தலில் கறுப்பாய் ஏறும் சாயம், மெல்லிய ரோமத்தில் பழுப்பாய் ஏறியது. கண்ணைச் சுற்றித் தீக்குச்சியும் பஞ்சும்.

“அசையாதே,” என்றார். பழக்கம்.

இது கொடுமையா? ஆம். இது அன்பா? அதற்கும் ஆம் என்று எழுதவே கை போகிறது. ஆனால் அன்பு என்று எழுதிய உடனே அவரை விடுதலை செய்துவிடுவேன் என்னும் அச்சத்தால் எழுதாமல் விடுகிறேன்.

5

கட்டுரைக்கு ஒதுக்கிய இடம் இது.

வெள்ளை மான் எத்தனை அரிது? முப்பதாயிரத்தில் ஒன்று என்பார் சிலர். லட்சத்தில் ஒன்று என்பார் சிலர். காட்டு மான்களை வரிசையில் நிறுத்தி எண்ணியவர் யார்? வெள்ளையாகத் தோன்றும் மானெல்லாம் நிறமியற்ற மானும் அன்று.* தாயும் தந்தையும், தம் மேனியில் தெரியாத ஒரு குறையை ஆளுக்குப் பாதியாகச் சுமந்து சந்தித்தால்தான் இப்படியொரு குட்டி பிறக்க வழியுண்டு. பிறந்தாலும் பச்சைப் புல்லில் வெள்ளை உடல் ஒளிய இடமில்லை. வரும் பகையைக் காணக் கண்ணில் வலுவில்லை. ஆகவே பிறப்பது மட்டும் அரிதன்று. பிழைப்பது அதனினும் அரிது. அரிது, அரிது என்று நாம் வாய் இனிக்கச் சொல்லும் அந்தச் சொல்லுக்குள் எத்தனை குட்டிகள் செத்துக் கிடக்கின்றன!

இதைக் கண்டால் நன்மை என்று ஒருவர் சொன்னார். கொன்றால் கேடு என்று இன்னொருவர் சொன்னார். அரசனைக் காட்டுக்குள் இழுத்துச் சென்று வழிதவறச் செய்யும் என்று கதை கட்டினார் மற்றொருவர். எல்லோரும் ஒன்றில் மட்டும் உடன்பட்டார்கள்: யாரும் மானைப் பற்றிப் பேசவில்லை. தத்தம் ஆசையை, தத்தம் அச்சத்தை அதன் முதுகில் ஏற்றி நடக்கவிட்டார்கள். தூய்மை என்றார்கள். வெண்மையைத் தூய்மை என்றவன் எவன்? கருமையைக் களங்கம் என்றவன் எவன்? நிறத்தை நெறியாக்கி, நெறியை வெறியாக்கி, வெறியை—

(நிறுத்துகிறேன். மேடை ஏறிவிட்டேன். கொட்டிலில் ஒரு குட்டி பசியோடு கிடக்கிறது.)

* கண்ணும் மூக்கும் கறுத்திருந்தால் அது வேறு வகை. வெளுத்த மான், நிறமியற்ற மான் அன்று. இந்த அடிக்குறிப்பை எழுதியபோது என் அறிவைக் கண்டு எனக்கே பெருமையாக இருந்தது. அந்தப் பெருமையையும் இங்கேயே குறித்துவைக்கிறேன்.

6

தாய் மான் வந்தது. முகர்ந்தது. முன்காலைத் தரையில் ஓங்கி உதைத்துவிட்டு விலகிப் போனது. மீண்டும் வந்தது, மீண்டும் விலகியது. நிறத்தைத்தான் உலகம் பார்க்கும் என்று நம்பிய மனிதர், மானின் தாய்மை மூக்கில் இருக்கிறது என்பதை மறந்துபோனார். ஆண்டாண்டாக மான்களோடு வாழ்ந்தவர் மறக்கக்கூடிய செய்தியா அது? மறந்தார். கையில் அந்தக் கிண்ணம் இருக்கும்போது அவர் காப்பாளர் அல்லர், வேறு ஒருவர்.

மறுநாள் காலை பூங்கா திறந்தபோது, குட்டியை வைக்கோல் அறைக்குத் தூக்கிவந்து புட்டிப்பால் கொடுத்துக்கொண்டிருந்தார். குட்டி காம்பை வாயில் வாங்காமல் துப்பியது. அப்போதுதான் வாசலில் குரல் கேட்டது.

“அப்பா, என் பையைத் தூக்கிட்டு வந்துட்டீங்க. உங்க பை இந்தாங்க, இதுல உங்க மூக்குக்கண்ணாடி இருக்கு. எனக்கே கண்ணு பாதிதான். உங்க கண்ணாடியையும் போட்டா சுத்தம்!”

“வெளியவே நில்லு பாப்பா. உள்ள வராதே.”

“ஏன், மான் கடிச்சுருமா?”

வந்துவிட்டாள். வைக்கோலில் ஏதோ ஒரு பழுப்பு உருவம் அவளுக்கு மங்கலாகத் தெரிந்தது.

“ஐயோ, குட்டியா! சொல்லவே இல்ல? இதோட அம்மா எங்க?”

“பால் குடுக்க மாட்டேங்குது.”

“ஏனாம்? கோபமா?” என்றபடி மண்டியிட்டாள். தாளைப் படிக்கிறவள் போல முகத்தைக் குட்டியின் முதுகுக்கு அருகே கொண்டுபோனாள். மூக்கு ரோமத்தைத் தொட்டது. அப்படியே நின்றுவிட்டாள்.

“அப்பா.”

“ம்.”

“இது என் தலை வாசனை.”

காப்பாளர் புட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“இதுக்கும் வெயில் படாம இருக்கவாப்பா?”

இந்த இடத்தில் அவளை அழவைத்து ஒரு பத்தி எழுதினேன். கிழித்துவிட்டேன். அவள் அழவில்லை. எழுந்து, பாவாடையில் ஒட்டிய வைக்கோலைத் தட்டிவிட்டு, மைக்கில் பேசும் குரலில் சொன்னாள்: “டாக்டரைக் கூப்பிடுங்க. நக்கினா வயித்துக்குள்ள போயிடும்.”

அவர் அசையவில்லை. கூப்பிட்டவள் அவளே.

7

மருத்துவர் ரப்பர் பூட்ஸோடு வந்தார். குட்டியைப் புரட்டிப் பார்த்தார்.

“யாரு வேலை இது?”

காப்பாளர் புட்டியைக் கீழே வைத்தார்.

“சரி, திட்டறதை அப்புறம் வெச்சுக்கறேன். வெதுவெதுப்பா தண்ணி கொண்டாங்க. மைக்கு, தலையைப் பிடிச்சுக்கம்மா. காதுக்குள்ள தண்ணி போகக் கூடாது.”

பழுப்பு நீர் தரையில் ஓடியது. உள்ளேயிருந்து வெள்ளை வந்தது. தந்தை நீர் ஊற்றினார், மகள் தேய்த்தாள். ஒரே கிண்ணத்தின் சாயம் இருவர் நகக்கண்ணிலும் ஏறியது. வலக்காதின் உட்புறத்தை மட்டும் மருத்துவர் தொடவிடவில்லை. அந்தக் காது பழுப்பாகவே நின்றது.

தாய் படுத்த வைக்கோலைக் கொண்டுவந்து குட்டியின் மேல் தேய்த்து, கொட்டிலில் விட்டார்கள். தாய் முகர்ந்தது, உதைத்தது, போனது. மூவரும் ஓரமாக ஒதுங்கிக் காத்திருந்தார்கள். திரும்பி வந்தது. முதுகை நக்கத் தொடங்கியது. குட்டி தடுமாறி மடியைத் தேடியது. தாய் எல்லா இடமும் நக்கியது, அந்தக் காதை விட்டுவிட்டு.

செய்தியைச் சொல்வது மருத்துவரின் கடமை, மேலாளருக்குச் சொன்னார். மேலாளர் கெட்டவர் அல்லர். ஓடிவந்ததில் மூச்சு வாங்கியது, முகமெல்லாம் மகிழ்ச்சி.

“அடடா, நம்ம பூங்காவுக்கு நல்ல காலம் பொறந்துடுச்சு! வாசல்லயே ஒரு கண்ணாடிக் கொட்டகை போட்டுடலாம்.”

“தாய்கிட்டேர்ந்து பிரிச்சா பிழைக்காது சார். வெளிச்சமும் ஆகாது,” என்றார் மருத்துவர்.

“கொஞ்ச நேரம்தானே டாக்டர்! மைக்கு, நீயும் பக்கத்துல நில்லும்மா. ஜோடிப் பொருத்தம் அமோகமா இருக்கும். என்ன, அந்தத் தலைச் சாயத்தை மட்டும் எடுத்துட்டு வந்துடு.”

“எனக்கும் தழை பூங்கா செலவுலதானே சார்?”

மேலாளர் பெரிதாகச் சிரித்தார். அவருக்குப் புரியவில்லை. காப்பாளருக்குப் புரிந்தது.

மறுநாள் காலை மைக்கில் படிக்கவேண்டிய அறிவிப்பை மேலாளர் அங்கேயே ஒரு தாளில் எழுதி அவளிடம் நீட்டினார்:

“அரிதினும் அரிது! அதிசயத்தினும் அதிசயம்! பால்வண்ண மேனி! பவளவண்ண விழி! களங்கம் அறியாக் கவின்மிகு வெண்மை! கண் படைத்தோர் யாவரும் வாரீர்! கண்ணாரக் கண்டு களிப்பீர்!”

இப்போது ஒன்றைச் சொல்லவேண்டும். மேலாளருக்கு இப்படி எழுத வராது. “வெள்ளை மான் வந்திருக்கு, பாருங்க” என்பதோடு அவர் முடித்திருப்பார். அவருக்கு இதை எழுதிக்கொடுத்தவன் நான். இந்தக் கதை முழுவதிலும் அடித்தல் திருத்தல் இல்லாமல் ஒரே மூச்சில் வந்த பகுதி இதுதான். எழுதி முடித்து உரக்கப் படித்தும் பார்த்தேன். என் காதுக்குக் கைதட்டல் கேட்டது.

அவள் தாளை மூக்கருகே கொண்டுபோய் ‘கண் படைத்தோர்’ என்பது வரை படித்தாள். மடித்தாள்.

அப்போதுதான் மேலாளர் குனிந்து பார்த்தார்.

“இதென்ன, ஒரு காது மட்டும் பழுப்பு?”

மருத்துவர் காப்பாளரைப் பார்த்தார்.

“சாயம் சார்,” என்றார் காப்பாளர்.

“சாயமா? யாரு பூசினது?”

“நான்தான்.”

“மானுக்கு ஏதுய்யா சாயம்?”

“வீட்ல இருந்தது. பொண்ணுக்குப் போடறது.”

“ஏன்யா?”

கொட்டிலில் தாய் மான் நக்கும் ஓசை மட்டும் கேட்டது.

“நானும் அதையேதான் கேக்கறேன் சார்,” என்றாள் மைக்கு. “சின்னப் புள்ளையிலேர்ந்து.”

8

முடிவுகள்.

[காப்பாளர் நிமிர்ந்தார். “ஐயா! நான் மறைத்தது நிறத்தையன்று. என் நெஞ்சின் நிழலை! ஊரார் விழிக்கு அஞ்சி, என் உயிரின் விழியையே—”]

இது என் தொண்டை. குழாயில் தண்ணீர் வரவில்லை என்பதற்குமேல் பேசியறியாத மனிதர் வாயில் இதைத் திணிப்பதற்கும், குட்டியின் முதுகில் பிரஷ் வைப்பதற்கும் என்ன வேறுபாடு?

[காப்பாளர் குலுங்கிக் குலுங்கி அழுதார். மகள் ஓடிவந்து அவரை—]

வேண்டாம். அழுகிற தகப்பனைத் தேற்றும் வேலையும் அவள் தலையில் விழும். அந்தத் தலை சுமந்தது போதும்.

[“வெயில் படாம இருக்க சார்,” என்றார் காப்பாளர்.]

எனக்கு மிகவும் அச்சம் தரும் முடிவு இது. எழுதியவற்றுள் இதுவே அவர் சொல்லக்கூடியது. இதைச் சொன்னால் அவள் ஒன்றும் பேசமாட்டாள். மடித்த தாளோடு அறிவிப்பு அறைக்குப் போய்விடுவாள். அடுத்த விடுமுறை நாளில் துண்டைத் தானே தோளில் போட்டுக்கொண்டு சமையலறை வாசலில் வந்து உட்காருவாள். அதற்குப்பின் அந்த மூடியை எடுக்க இன்னொரு மான் பிறக்காது.

உண்மையான விடை ஒன்று இருக்கிறது. சிறிய விடை. எனக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும், இவ்வளவு தூரம் வந்த உங்களுக்கும் தெரியும். நான் எழுதிவிடலாம். எழுதினால் அது அவர் சொன்னதாகாது, நான் பூசியதாகும். ஒருவர் அவளை மறைக்கப் பூசினார். ஒருவர் அவளைக் காட்டக் கழுவச் சொன்னார். நான் அவளை மேடையில் ஏற்ற ஓர் உவமையோடு வந்தேன். மூவரில் எவனும் அவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டவள் அவள்தான், கேட்டது ஒரே ஒரு வார்த்தை.

ஆகவே இங்கே நிறுத்துகிறேன். மேலாளர் காத்திருக்கிறார். மருத்துவர் வேறு பக்கம் பார்க்கிறார். மைக்கு நேராகத் தந்தையின் முகத்தைப் பார்க்கிறாள். கண்மணிகள் அசைந்தாலும் பார்வை அசையவில்லை. காப்பாளர் பழுப்பேறிய விரல்களைச் சட்டையில் துடைக்கிறார். கறை போகவில்லை. வாயைத் திறக்கிறார்.

“                                        ”

அந்த மேற்கோள் குறிகளுக்கு நடுவே கை வைக்க எனக்கு வெட்கமாக இருக்கிறது. நீங்கள் எழுதுங்கள். ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன்: எழுதுமுன் கையை நன்றாகக் கழுவிக்கொள்ளுங்கள். குட்டி இப்போதுதான் பால் குடிக்கத் தொடங்கியிருக்கிறது.